கிளாசிஸ் துரைக்கு ஒரு மெழுகுவர்த்தி

கடலூரில் கோட்டை இருந்தது. அந்தக் கோட்டையை ஆராயும் நிறுவனம் சிதம்பரத்தில் இருந்தது. கடற்காற்று பழைய காகிதங்களுக்கு ஆகாது என்று நிறுவனத்தார் அதற்குக் காரணம் சொன்னார்கள். காகிதங்களுக்கு இல்லை, உறுப்பினர்களுக்குத்தான் ஆகாது என்று அங்கே டீ வாங்கிக் கொடுக்கும் சபாபதி சொன்னார். எனக்கு இதில் கருத்து கிடையாது. நிறுவனங்கள் தங்களுக்குப் பிடித்த இடத்தில் இருக்கும். மனிதர்கள்தான் பஸ் பிடித்துப் போக வேண்டும்.

நிறுவனத்தின் பெயர் தென்னாட்டுக் கோட்டைச் சொல்லாய்வு மையம். மேலவீதியில் ஒரு பாத்திரக் கடைக்கு மாடியில் இயங்கியது. இயங்கியது என்பது அவர்களுடைய ஆண்டறிக்கையில் உள்ள சொல். பழைய கோட்டைகளோடு வந்த சொற்களுக்குப் பொருளும் பிறப்பும் கண்டு நிர்ணயம் செய்வது அவர்கள் பணி. பதினெட்டு வருஷத்தில் அகழியை முடித்துவிட்டார்கள், கொத்தளத்தில் பாதிக்கு வந்திருந்தார்கள். அந்த நேரம் பார்த்துத்தான் தேவனாம்பட்டினம் அந்தோணிசாமி கடப்பாரையோடு குறுக்கே வந்தார்.

அந்தோணிசாமிக்குப் படகு கிடையாது. படகுகளுக்கு ஐஸ் ஏற்றுகிற வேலை. பழைய கோட்டை இருந்த மேட்டுக்குக் கீழே, சரிவில், அப்பா விட்டுப்போன ரெண்டரை சென்ட் நிலத்தில் ஓட்டு வீடு. சுனாமி வந்த ஞாயிற்றுக்கிழமை அவரும் மனைவி ஆரோக்கியம்மாளும் மகள் ஜான்சியும் கோவிலில் பூசையில் இருந்தார்கள். திரும்பி வந்தபோது ஆள் மூன்றும் இருந்தன, வீடு இல்லை. கொஞ்ச தூரம் தள்ளித் தார் ஷீட் போட்ட கொட்டகை ஒன்று கொடுத்தார்கள். வெயிலில் அது கொதித்தது, மழையில் ஒழுகியது. ஆரோக்கியம்மாள் அதையெல்லாம் பொறுத்துக்கொண்டாள். கதவு இல்லாததைத்தான் அவளால் பொறுக்க முடியவில்லை. வாசலில் கோணிப்பை தொங்கியது. எட்டாவது படிக்கிற பெண்பிள்ளை அதற்குப் பின்னால் நின்றுதான் உடை மாற்ற வேண்டும்.

“மூடித் தாழ்ப்பா போடற மாதிரி ஒரு கதவு. அது போதும் எனக்கு. மீதிய நீ எப்பிடி வேணா கட்டிக்க,” என்று அவள் புருஷனிடம் சொல்லியிருந்தாள்.

அடுத்த வருஷம் ஐப்பசியில், மழை விட்ட நாலு நாளில், அந்தோணிசாமி பழைய இடத்திலேயே கடக்கால் தோண்ட ஆரம்பித்தார். இடுப்பளவு போனதும் கடப்பாரை ணங்கென்றது. ஒரு கல். கழுவிப் பார்த்தால் ஆங்கில எழுத்து. ஜான்சி ஒவ்வொரு எழுத்தாகக் கூட்டிப் படித்து, கிளாசிஸ் என்றாள். செத்துப்போன வெள்ளைக்காரத் துரை ஒருவரின் பெயர் என்று அந்தோணிசாமிக்கு உடனே புரிந்துவிட்டது. கல்லில் சிலுவை இல்லை, தேதி இல்லை, அப்பன் பெயர் இல்லை. ஊர் விட்டு ஊர் வந்து இப்படி அநாதையாகக் கிடக்கிறாரே என்று அவருக்கு மனசு கலங்கியது.

இரண்டு நாளில் கல்லறைத் திருநாள் வந்தது. தன் அப்பாவின் கல்லறைக்கு வாங்கிய மெழுகுவர்த்தியில் ஒன்றைக் கொண்டுவந்து குழிக்குள் ஏற்றி, சாமந்திப் பூ வைத்து, கிளாசிஸ் துரையின் ஆத்துமத்துக்கு நித்திய இளைப்பாற்றி கிடைக்க வேண்டும் என்று முழங்கால் போட்டு வேண்டினார். கல்லைக் கவிழ்த்துப் போட்டு வாசற்படியாக வைத்துவிட்டு வேலையைப் பார்க்கும்படி ஆரோக்கியம்மாள் சொன்னாள். ஒரு மனுஷனின் தலைமாட்டில் அடுப்பு வைக்க அந்தோணிசாமிக்கு மனசு வரவில்லை. துரையை மரியாதையாக எடுத்துக் கல்லறைத் தோட்டத்தில் வைக்க ஏற்பாடு செய்யுங்கள் என்று தாமாகவே போய் அதிகாரிகளிடம் சொன்னார். நாட்டில் யாரும் செய்யாத காரியம் அது. அதனால்தான் அதற்கு என்ன செய்வது என்று அலுவலகத்தில் யாருக்கும் தெரியவில்லை.

வந்து பார்த்த அதிகாரி கல்லைச் சுற்றி வந்தார். இது பெயர் இல்லை, கோட்டை சம்பந்தப்பட்ட ஏதோ சொல் என்ற அளவுக்கு அவருக்குத் தெரிந்திருந்தது. என்ன சொல் என்று தெரியவில்லை. பொருள் தெரியாத சொல்லின் மேல் வீடு கட்ட அனுமதிக்க முடியாது என்று சொல்லி வேலையை நிறுத்தினார். சிதம்பரத்தில் ஒரு மையம் இருக்கிறது, அவர்கள் பொருள் சொன்ன அன்று மாலையே கட்டிக்கொள்ளலாம் என்றும் ஆறுதலாகச் சொன்னார். அந்தோணிசாமி மறுநாளே பஸ் ஏறினார்.

மையத்தின் கூட்டங்களுக்கு ஒரு முறை உண்டு. முதலில் குத்துவிளக்கு. பிறகு இறைவணக்கம். பிறகு பொன்னாடை. தலைவர் ஒவ்வோர் உறுப்பினருக்கும் பொன்னாடை போர்த்துவார். ஒவ்வோர் உறுப்பினரும் தலைவருக்குப் போர்த்துவார். அதோடு விட்டால் ஒருவர் மற்றவரை மதிக்கவில்லை என்று ஆகிவிடும் என்பதால் உறுப்பினர்கள் தங்களுக்குள்ளும் போர்த்திக்கொள்வார்கள். வெளியாள் வந்தால் அவருக்கும் உண்டு. இது முடிவதற்குள் சம்பா சாதமும் கத்தரிக்காய் கொத்சும் வந்துவிடும். சாப்பாட்டுக்குப் பின் ஆழ்ந்த விவாதம் உடம்புக்கு ஆகாது. ஆகவே கூட்டம் ஒத்திவைக்கப்படும். முதல் கூட்டத்துக்குப் போன அந்தோணிசாமி, தோளில் ஊதாநிறப் பொன்னாடையோடு பஸ்ஸில் நின்றுகொண்டே ஊர் திரும்பினார். கண்டக்டர் அவரைக் கட்சிக்காரர் என்று நினைத்து மரியாதையாக நடத்தினார்.

இப்படியே ஒரு வருஷம் போனது. கொட்டகைக்குள் கயிறு கட்டி, வந்த பொன்னாடைகளை வரிசையாகத் தொங்கவிட்டு, ஜான்சிக்கு ஒரு மறைப்பு செய்து கொடுத்தாள் ஆரோக்கியம்மாள். தமிழாராய்ச்சியால் அந்தக் குடும்பத்துக்குக் கிடைத்த முதல் பயன் அதுதான்.

இதற்கிடையில் ஜான்சி பள்ளிக்கூடத்து அகராதியில் சொல்லைப் பார்த்துவிட்டாள். கோட்டைக்கு வெளியே, அகழியைத் தாண்டி, மேட்டிலிருந்து மெல்லச் சாய்ந்து இறங்கும் வெற்று நிலம். அவ்வளவுதான். ஒரு காகிதத்தில் எழுதிக் கொடுத்து அனுப்பினாள். அந்தோணிசாமி அதைத் தலைவர் முன்னால் நீட்டி, பொருள் கிடைத்துவிட்டது, இனி வீடு கட்டிக்கொள்ளலாமா என்று பணிவாகக் கேட்டார்.

தலைவர் முனைவர் பொன்னுரங்கம் பெரிய மனிதர். கோபப்படவில்லை. எழுந்து நின்று, மைக்கைச் சரிசெய்துகொண்டு பதில் சொன்னார். அறையில் மொத்தம் எட்டுப் பேர் இருந்தார்கள். மைக் இல்லாமல் அவர் பேசுவதில்லை.

“இந்தச் சொல்லின் பொருள் எனக்கு முதல் நாளே தெரியும். இங்கே அமர்ந்திருக்கும் அத்தனை அறிஞர்களுக்கும் தெரியும். தெரிந்துவிட்டது என்பதற்காக நாங்கள் முடிவெடுத்துவிட்டால், ஆராய்ச்சி என்பது எதற்காக? ஒரு சொல்லை ஒரே நாளில் முடித்துவிட்டால் மறுநாள் இந்த மையம் என்ன செய்யும்? அகழிக்கு நாங்கள் எடுத்துக்கொண்ட காலத்தை நினைத்துப் பாருங்கள். தம்பி, அவசரம் அறிவுக்குப் பகை.”

எல்லாரும் கைதட்டினார்கள். என்ன செய்வதென்று தெரியாமல் அந்தோணிசாமியும் தட்டினார்.

பொருள் விஷயத்தில் சண்டை இல்லாததால் பிறப்பில் சண்டை வந்தது. பேராசிரியை ராஜாமணி அம்மாள், பொருளை வைத்துக்கொண்டு என்ன செய்வது, பிறப்புத் தெரியாத சொல் பெற்றோர் தெரியாத பிள்ளை மாதிரி என்று எழுந்தார். கிளாசிஸ் என்பது வழுக்குதல் என்னும் பழைய பிரெஞ்சு வினையிலிருந்து வந்தது. அந்த வினை பனிக்கட்டியைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்தது. ஆகவே இதன் உயிர் ஐஸில் இருக்கிறது என்றார். அன்றிலிருந்து மையத்தில் பொருள் கட்சி, பிறப்புக் கட்சி என்று இரண்டு உண்டாயின. பொருள் கட்சிக்காரர் பக்கத்தில் பிறப்புக் கட்சிக்காரர் சாப்பிட உட்கார மாட்டார். சபாபதி இரண்டு இடத்தில் இலை போட வேண்டியதாயிற்று.

அந்தோணிசாமிக்கு ஐஸ் ஏற்றுகிற வேலை என்று தெரிந்ததும் அம்மாளுக்குக் கண் கலங்கிவிட்டது. முன்னூறு வருஷத் தொடர்ச்சி அறுபடாமல் தன் முன்னால் நிற்கிறது என்றார். தன் அப்பா ரிக்‌ஷா ஓட்டினார் என்று அந்தோணிசாமி சொல்லிப் பார்த்தார். அது பதிவில் ஏறவில்லை. பிறகு ஒரு நாள் பிறப்புக் கட்சியார் வேன் வைத்துக்கொண்டு தேவனாம்பட்டினம் வந்தார்கள். படகுக்குப் போக வேண்டிய ஐஸ் பாரைச் சரிவில் வைத்து வழுக்கவிட்டுக் காட்டச் சொன்னார்கள். வீடியோ எடுத்தார்கள். ஐஸ் வழுக்கவில்லை. மணலில் பதிந்து, அங்கேயே உட்கார்ந்து உருகியது. வெகுநேரம் எல்லாரும் அதைச் சுற்றி நின்று பார்த்தார்கள். இது சொல்லின் குறை இல்லை, நம் தட்பவெப்பத்தின் குறை என்று அம்மாள் எழுதிக்கொண்டார். ஐஸ் வராமல் காத்திருந்த படகுக்காரர்கள் அந்தோணிசாமியிடம் பேசிய சொற்களுக்கு ஆராய்ச்சி தேவைப்படவில்லை. அவற்றின் பொருளும் பிறப்பும் அங்கேயே தெளிவாகச் சொல்லப்பட்டன.

அடுத்த கூட்டத்தில் பொருள் கட்சி பதிலடி கொடுத்தது. இந்தச் சரிவு ஏன் வெறுமையாக வைக்கப்பட்டது என்பதைத் தலைவர் ஒரு மணி நேரம் விளக்கினார். கோட்டைக்கு மேலே நிற்கும் பீரங்கிக்காரனின் கண்ணுக்குத் தடை இருக்கக்கூடாது. ஒரு மரம் நின்றாலும் எதிரி அதன் பின்னால் ஒளிவான். ஒரு சுவர் நின்றால் ஒரு படையே ஒளியும். ஆகவே கிளாசிஸில் வீடு என்பது சொல்லளவிலேயே முரண்பாடு என்றார்.

“ஐயா, எதிரின்னா யாருங்க ஐயா?” என்று அந்தோணிசாமி கேட்டார். தெரிந்துகொள்ளத்தான் கேட்டார், தன் வீட்டுக்குப் பின்னால் ஒளிய வருகிற ஆள் யார் என்று தெரிந்தால் ஆரோக்கியம்மாளிடம் எச்சரிக்கையாகச் சொல்லி வைக்கலாம் என்பது அவர் எண்ணம்.

இந்தக் கேள்வியை மையம் இதுவரை எதிர்கொண்டதில்லை. உடனே எதிரியை இனங்காணும் துணைக்குழு ஒன்று அமைக்கப்பட்டது. கோட்டையைக் கடைசியாகப் பிடித்து இடித்தவர்கள் பிரெஞ்சுக்காரர்கள் என்பதால், எதிரியை நேரில் ஆராயத் துணைக்குழு புதுச்சேரிக்குப் புறப்பட்டது. ஒரு நாளில் திரும்புவதாகப் போனவர்கள் நாலு நாள் தங்கினார்கள். எதிரியின் மேல் மிகுந்த நல்லெண்ணத்தோடு, கண் சிவந்து, திரும்பி வந்தார்கள். மேலும் பலமுறை போய்வர வேண்டியிருக்கும் என்று அறிக்கை கொடுத்தார்கள்.

அன்று அந்தோணிசாமியை சபாபதி பஸ் ஸ்டாண்டு வரை கொண்டுவந்து விட்டார். டீக்கடையில் நிறுத்தி, “அண்ணே, நான் சொல்றேன்னு தப்பா எடுத்துக்காதீங்க. இவுங்க ஒங்கள ஏமாத்தலண்ணே. ஏமாத்தறவனா இருந்தா ஒரு நாள் வேல முடிஞ்சிதுன்னு வுட்டுருவான். இவுங்க நெசமாவே ஆராயறாங்க. அதான் ஜாஸ்தி பயமா கீது எனக்கு,” என்றார். அந்தோணிசாமி டீயைக் குடித்துவிட்டு, பொன்னாடையை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டு பஸ் ஏறினார். அன்றைக்கு அவருக்கு முதல் தடவையாக அழுகை வந்தது. பஸ்ஸில் கூட்டம் என்பதால் அழவில்லை.

தீர்ப்பு 2009 அக்டோபரில் வந்தது. மண்டபம் பிடித்து, மலர் வெளியிட்டு, இரண்டு கட்சியும் சமாதானமாகி அறிவித்தார்கள். கிளாசிஸ் என்பது வழுக்குதலில் பிறந்து, வெற்றுச் சரிவைக் குறிப்பது. மூன்று வருஷத்துக்கு முன்னால் பள்ளிக்கூடத்து அகராதியில் இருந்ததோடு வழுக்குதல் மட்டும் கூடியிருந்தது. ஜான்சி அப்போது கல்லூரிக்குப் போய்க்கொண்டிருந்தாள். அனுமதி விஷயமும் தெளிவாகிவிட்டது. அந்தச் சரிவில் எதுவும் நிற்கக்கூடாது. அந்தோணிசாமி வீடு கட்டக்கூடாது.

வீட்டுக்கு வந்து அவர் இதைச் சொன்னபோது ஆரோக்கியம்மாள் சண்டை போடவில்லை. மீன் அரிந்துகொண்டிருந்தவள் அரிவாள்மணையைத் தள்ளிவைத்துவிட்டு, கொட்டகையின் மூலையில் போய் முதுகைக் காட்டி உட்கார்ந்தாள். “எம் பொண்ணுக்கு ஒரு கதவு கேட்டேன். கோட்டையா கேட்டேன்?” என்று மட்டும் சொன்னாள். அந்தோணிசாமிக்குக் கல்லைக் கவிழ்த்துப் போட்டிருக்கலாம் என்று தோன்றியது. ஆனாலும் அந்த வருஷக் கல்லறைத் திருநாளுக்கும் போய் மெழுகுவர்த்தி ஏற்றிவிட்டுத்தான் வந்தார். துரை என்று ஒருவர் இல்லவே இல்லை என்று அவருக்கு இப்போது தெரியும். தெரிந்தும் விடமுடியவில்லை, இத்தனை வருஷம் வேண்டிக்கொண்ட ஆள் அல்லவா. உள்ளூர் மக்கள் சொல்லை வழிபடுகிறார்கள் என்று மையம் இதையும் ஓர் அடிக்குறிப்பில் சேர்த்துக்கொண்டது.

மறு வருஷம் சரிவில் ஜே.சி.பி. வந்து நின்றது. மையத்தின் சார்பில் அங்கே கிளாசிஸ் விளக்க மண்டபம் கட்டப்போகிறார்கள். அடிக்கல் நாட்டு விழாவுக்குத் தகவலாளி என்ற முறையில் அந்தோணிசாமிக்கும் அழைப்பு வந்தது. பொன்னாடை போர்த்தியபோது, அவர் தலைவரிடம் தாழ்ந்த குரலில் கேட்டார்.

“ஐயா, இங்க எதுவும் கட்டக் கூடாதுன்னுதான சொன்னீங்க?”

“ஆமாம்,” என்றார் தலைவர் அன்போடு. “எதுவும் கட்டக்கூடாத இடம் இது என்று மக்களுக்கு யார் சொல்வது? வெட்டவெளியில் நின்று சொன்னால் வெயிலில் யார் கேட்பார்கள்? அதற்கு ஓர் இடம் வேண்டாமா?”

கான்கிரீட் கூரை, டைல்ஸ் தரை, தேக்குக் கதவு, உள்ளே கண்ணாடிப் பெட்டியில் கல். மண்டபம் நன்றாகத்தான் வந்தது. கூட்டித் துடைத்துப் பார்த்துக்கொள்ள அந்தோணிசாமியையே அமர்த்தினார்கள். இந்த இடத்தின் வெறுமையைக் காப்பதில் அவருக்கு உள்ள பற்று உலகறிந்தது என்று தலைவர் திறப்பு விழாவில் பேசினார். சாவி அந்தோணிசாமியின் அரைஞாணில் தொங்கியது. தன் நிலத்தில் தான் கட்டாத வீட்டைத் தினமும் பெருக்கிவிட்டு, கொட்டகைக்குத் தூங்கப் போனார்.

2011 டிசம்பர் கடைசியில் தானே புயல் வந்தது. கடலூரில் மரம் என்று ஒன்று மிச்சமில்லை. விடிந்தபோது தார் ஷீட் கொட்டகை இருந்த இடத்தில் நாலு குச்சிகள் நின்றன; பொன்னாடைகள் எந்த ஊருக்குப் போயினவோ தெரியாது. மூன்று பேரும் தொப்பலாக நனைந்து நின்றார்கள். அந்தோணிசாமி என்ன செய்வது என்று வானத்தைப் பார்த்தார். ஆரோக்கியம்மாள் பார்க்கவில்லை. அவர் இடுப்பிலிருந்து சாவியை அவிழ்த்துக்கொண்டு, அடுப்பையும் அரிசியையும் தூக்கிக்கொண்டு மண்டபத்தை நோக்கி நடந்தாள். மண்டபத்தில் ஒரு கண்ணாடிகூட உடையவில்லை.

மூன்று வாரம் கழித்து, கரண்ட் வந்து, சாலை சரியானதும், தில்லியிலிருந்து வந்த பார்வைக் குழுவை அழைத்துக்கொண்டு தலைவர் வந்தார். கதவு உள்ளே தாழிட்டிருந்தது. தட்டினார்கள். ஜான்சி திறந்தாள். கண்ணாடிப் பெட்டியிலிருந்து ஜன்னலுக்குக் கட்டிய கயிற்றில் துணி காய்ந்தது. மூலையில் அடுப்பில் மீன்குழம்பு கொதித்தது. தரையில் ஜான்சியின் பரீட்சைப் புத்தகங்கள் பரவிக் கிடந்தன. அந்தோணிசாமி எழுந்து கைகட்டி நின்றார். ஆரோக்கியம்மாள் எழுந்திருக்கவில்லை, குழம்பில் புளி கரைத்து ஊற்றிக்கொண்டிருந்தாள்.

தலைவர் திரும்பிக் குழுவைப் பார்த்தார். அதற்குள் குழுவில் இருந்த அம்மையார் ஒருவர், இது என்ன ஏற்பாடு, மிக அருமையாக இருக்கிறதே என்று கேட்டுவிட்டார். அவ்வளவுதான், தலைவரின் கை தானாக மைக்கைத் தேடியது. இது வாழும் காட்சிக்கூடம் என்றார். கோட்டைச் சரிவில் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்த எளிய மக்களின் அன்றாடத்தை அப்படியே, உயிரோடு, பார்வைக்கு வைத்திருக்கிறோம். நாட்டிலேயே முதல் முயற்சி என்றார். அந்த அம்மையார் கைதட்டினார். குழம்பு வாசனைகூட உண்மையாக இருக்கிறது என்று இன்னொருவர் வியந்தார். மையத்துக்குச் சிறப்பு நிறுவனம் என்ற தகுதி அந்த வருஷமே கிடைத்தது.

அப்புறம் அவர்களைக் கிளப்ப முடியாது. கிளப்பினால் காட்சி போய்விடும். வாசலில் பலகை வைத்தார்கள்: கோட்டைச் சரிவுக் குடும்பம், பார்வை நேரம் பத்திலிருந்து ஐந்து, வெள்ளி விடுமுறை, சமைக்கும்போது பேச்சுக் கொடுக்காதீர்கள். அந்தோணிசாமிக்குப் பகலில் இடுப்பில் வேட்டி மட்டும்தான். சட்டை போடக்கூடாது என்று பிறப்புக் கட்சி கேட்டுக்கொண்டது. தன் நிலத்தில் தான் இருக்கத் தன்னையே காட்டி நிற்க வேண்டியிருக்கிறதே என்று அவருக்கு வெட்கமாகத்தான் இருந்தது. ஆனால் ஐந்து மணி அடித்து, கடைசி ஆள் வெளியே போனதும், ஜான்சி தேக்குக் கதவைச் சாத்தித் தாழ்ப்பாளைப் போடுவாள். அந்தச் சத்தத்துக்காக ஆரோக்கியம்மாள் கையில் இருக்கிற வேலையை நிறுத்திவிட்டுக் காத்திருப்பாள். சத்தம் கேட்டதும் அவள் முகத்தில் வருகிற நிம்மதி எந்தப் பார்வையாளரும் பார்க்காதது.

மாசி மாதம் ஒரு பள்ளிக்கூடத்துப் பெண்கள் வரிசையாக வந்தார்கள். கூட வந்த டீச்சர் ரேகா, நெய்வேலிப் பக்கம். பிள்ளைகள் கல்லைப் பார்த்துக்கொண்டிருந்தபோது அவள் அடுப்பையும், மடித்து வைத்த பாயையும், ஆணியில் தொங்கிய ஜெபமாலையையும் பார்த்தாள். பலகையை ஒருமுறை திரும்பிப் பார்த்தாள். பிறகு ஆரோக்கியம்மாளின் பக்கத்தில் குனிந்து, யாருக்கும் கேட்காதபடி, “ஏம்மா, இது உங்க வீடுதான?” என்று கேட்டாள்.

ஆரோக்கியம்மாள் மீனை அரிவதை நிறுத்திவிட்டு, வாசலில் தலைவர் யாருக்கோ விளக்கிக்கொண்டிருப்பதை எட்டிப் பார்த்தாள். டீச்சரின் கையைப் பிடித்துத் தன் பக்கம் இழுத்தாள்.

“மெதுவா பேசு டீச்சர். வீடுன்னு சொல்லிராத, இடிச்சிருவாங்க. பொருட்காட்சின்னு சொல்லு.”